ஓடைக்கரையில் மண்டபம் கட்டுமுன்: டர்பனில் யாரோடு சேர்வது?

தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில், ஃபீனிக்ஸ் பகுதியில் இருக்கும் ஒரு கோயில் சங்கத்தின் செயலாளர் கேட்டிருக்கும் கேள்வி இது: "கோயிலுக்குப் பின்னால் ஓடையை ஒட்டி எங்களுக்கு நிலம் இருக்கிறது. கல்யாணம், புரட்டாசி பூஜை, அன்னதானம் எல்லாவற்றுக்கும் ஒரு மண்டபம் கட்ட நினைக்கிறோம். 2022 வெள்ளத்துக்குப் பிறகு பயமாகவும் இருக்கிறது. சூழலியல் தெரிந்தவர்களும் கட்டடம் தெரிந்தவர்களும் சேர்ந்து வேலை செய்யும் குழுக்கள் இங்கே உண்டா? யாரை முதலில் பார்ப்பது?"

உண்டு. ஆனால் ஒரே கதவைத் தட்டினால் எல்லாரும் கிடைத்துவிட மாட்டார்கள். கட்டடக்காரர்களின் அமைப்பு ஒரு பக்கம் இருக்கிறது, ஆறு, காடு, பூச்சி, பறவை என்று ஆராய்பவர்களின் அமைப்புகள் இன்னொரு பக்கம் இருக்கின்றன. டர்பனில் இந்த இரண்டு பக்கமும் உண்மையாகவே சேர்ந்து வேலை செய்த இடங்களைப் பார்த்தால், அவர்களைச் சேர்த்து வைத்தது ஏதோ ஒரு ஆறோ ஓடையோதான். அதனால் என் யோசனை இது: கட்டடக் கலைஞரைப் பார்க்கும் முன் உங்கள் ஓடைக்கு மேலேயும் கீழேயும் இருப்பவர்களைப் பாருங்கள். ஓடையைப் பற்றி உங்கள் கையில் சொந்தமாகச் சில தகவல்கள் இருக்கட்டும். அதற்கப்புறம் எந்தக் கதவைத் தட்டினாலும் பேச்சு வேறு மாதிரி நடக்கும்.

வெள்ளம் நம் மக்களுக்குப் புதிதல்ல. 1917 அக்டோபரில் உம்கேனி ஆறு கரை புரண்டபோது ஸ்பிரிங்ஃபீல்ட் சமவெளியில் தகர வீடுகளில் இருந்த காய்கறித் தோட்டக்காரர்களும் கூலிக் குடும்பங்களும் அடித்துச் செல்லப்பட்டார்கள். மாரிமுத்து படவட்டனும் அவரோடு ஐந்து பேரும் மீன்பிடிப் படகில் போய் 170க்கும் மேற்பட்டவர்களைக் கரை சேர்த்தார்கள். 1976இல் அதே சமவெளியில் மறுபடியும் வெள்ளம் வந்தது. டின் டவுன் என்று அழைக்கப்பட்ட அந்தக் குடியிருப்பின் மக்களைத்தான் புதிதாகக் கட்டிக்கொண்டிருந்த ஃபீனிக்ஸில் குடியேற்றினார்கள். உங்கள் சங்கத்தில் மூத்தவர்கள் யாராவது அந்தக் குடும்பங்களிலிருந்து வந்திருந்தால் அவர்களிடம் பேசிப் பாருங்கள். தண்ணீர் எந்த வழியாக, எவ்வளவு நேரத்தில், எந்த உயரத்துக்கு வந்தது என்பதை அவர்களைப் போல யாரும் சொல்ல முடியாது.

2022 ஏப்ரல் 11, 12 தேதிகளில் பெய்த மழை சில இடங்களில் ஒரே நாளில் 300 மில்லிமீட்டரைத் தாண்டியது. 400க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அதை ஆராய்ந்த பன்னாட்டு அறிவியலாளர் குழு, புவி வெப்பமடைவதால் இப்படிப்பட்ட மழைக்கான வாய்ப்பு ஏறத்தாழ இரட்டிப்பாகிவிட்டது என்றது. முன்பு சுமார் 40 ஆண்டுக்கு ஒருமுறை வரக்கூடியது இப்போது சுமார் 20 ஆண்டுக்கு ஒருமுறை. மழையின் அளவும் 4 முதல் 8 சதவீதம் கூடியிருக்கிறது. நீங்கள் கட்டும் மண்டபம் குறைந்தது ஐம்பது ஆண்டாவது நிற்க வேண்டும். அதன் ஆயுளில் இப்படி ஒரு மழையை இரண்டு மூன்று முறை பார்க்கும் என்று வைத்துக்கொண்டுதான் வரைபடம் போட வேண்டும்.

சரி, சேர்ந்து வேலை செய்வது என்றால் என்ன என்பதற்கு நம் நகரத்திலேயே மிகச் சிறந்த உதாரணம் பால்மியட் ஆறு. பைன்டவுன் பக்கம் தோன்றி, வெஸ்ட்வில், ரிசர்வாயர் ஹில்ஸ் வழியாக வந்து உம்கேனியில் சேரும் சின்ன ஆறு அது. 2013இல் உம்கேனி ஆற்றுப்படுகை முழுவதற்குமாக மாநகராட்சிகள், நீர் நிறுவனம், தேசிய பல்லுயிர் நிறுவனம், பல்கலைக்கழகம் எல்லாம் சேர்ந்து ஒரு கூட்டமைப்பு தொடங்கின. அணை, குழாய் போலவே சதுப்பு நிலமும் புல்வெளியும் ஆற்றங்கரையும் நகரத்துக்குத் தண்ணீர் தரும் கட்டமைப்புதான் என்பது அதன் அடிப்படை. அதன் முன்னோடித் திட்டங்களில் ஒன்று பால்மியட் ஆற்றைச் சீரமைப்பது.

அந்த ஆற்றின் கீழ்ப்பகுதியில் குவாரி ரோடு வெஸ்ட் என்ற குடிசைப் பகுதி இருக்கிறது. குவாசூலு-நடால் பல்கலைக்கழக ஆய்வாளர்கள், டர்பனை நிர்வகிக்கும் எதெக்வினி மாநகராட்சியின் மழைநீர்ப் பொறியாளர்கள், குடிசைவாசிகள், மேலே ஆற்றோரத்தில் வசிப்பவர்கள் எல்லாரும் ஒரே வாட்ஸ்அப் குழுவில் சேர்ந்தார்கள். மழை முன்னறிவிப்பை மாநகராட்சி அனுப்பும். மேலே இருப்பவர்கள் ஆற்றின் மட்டம் ஏறுவதைப் பார்த்துச் சொல்வார்கள். கீழே இருப்பவர்கள் வீடு வீடாகப் போய்க் கதவைத் தட்டி எல்லாரையும் மேட்டுக்கு அழைத்துப் போவார்கள். 2022 ஏப்ரலில் அந்தக் குடியிருப்பில் ஏராளமான வீடுகள் போயின, ஆனால் ஓர் உயிர்கூடப் போகவில்லை. இத்தனைக்கும் அங்கே கோடிக்கணக்கில் செலவழித்த கருவி ஒன்றும் இல்லை. பல ஆண்டுகளாகப் பேசிப் பழகி ஒருவரையொருவர் நம்பியதுதான் அங்கே வேலை செய்தது. எனக்குத் தெரிந்து இந்த நாட்டில் காலநிலை தொடர்பாக நடந்த கூட்டு முயற்சிகளில் இதைவிடப் பெரிய வெற்றி இல்லை.

உங்கள் பக்கத்து நிலவரம் வேறு. ஃபீனிக்ஸின் நீர் ஒரு பகுதி ஓஹ்லாங்கா ஆற்றுக்கும், இன்னொரு பகுதி பீசாங்ஸ் ஆறு வழியாக உம்கேனிக்கும் போகிறது. உங்கள் ஓடை எதில் சேர்கிறது என்பதை முதலில் உறுதி செய்துகொள்ளுங்கள். ஓஹ்லாங்கா என்றால் 2021 ஜூலையில் கோர்னூபியாவில் இரசாயனக் கிடங்கு எரிந்தது நினைவிருக்கும். நஞ்சு ஆற்றில் இறங்கிக் கழிமுகம் வரைக்கும் மீன்கள் செத்து மிதந்தன. அந்த மாதிரி நேரத்தில் "இதற்கு முன்னால் ஆறு எப்படி இருந்தது?" என்பதுதான் எல்லாரும் கேட்கும் முதல் கேள்வி. அதற்குப் பதில் வைத்திருப்பவர்களின் பேச்சு எடுபடும்.

அந்தப் பதிலை நீங்களே தயாரிக்கலாம். தென்னாப்பிரிக்காவில் உருவான மினிசாஸ் என்ற முறை இருக்கிறது. பள்ளிப் பிள்ளைகளே செய்யக்கூடியது. ஒரு வலை அல்லது பெரிய வடிகட்டி, ஒரு வெள்ளை ஐஸ்கிரீம் டப்பா, பூச்சிப் படங்கள் உள்ள ஒரு தாள், இவ்வளவுதான் சாமான். ஓடையில் இறங்கிக் கற்களைக் காலால் புரட்டி, கலங்கி வருவதை வலையில் பிடித்து, டப்பாவில் கொட்டி உற்றுப் பார்க்க வேண்டும். பூச்சி, புழு, நத்தை, நண்டு என்று 13 வகையாகப் பிரித்திருக்கிறார்கள். அழுக்குத் தண்ணீரிலும் வாழும் புழுவுக்கும் அட்டைக்கும் 2 மதிப்பெண். சுத்தமான, ஆக்ஸிஜன் நிறைந்த தண்ணீரில் மட்டும் வாழும் கல்லீ (ஸ்டோன்ஃபிளை) என்ற பூச்சியின் குஞ்சுக்கு 17. கிடைத்த வகைகளின் மதிப்பெண்ணைக் கூட்டி, வகைகளின் எண்ணிக்கையால் வகுத்தால் ஓடையின் உடல்நிலை தெரிந்துவிடும். அதை நாடு முழுவதற்குமான வரைபடத்தில் பதிவு செய்யலாம். ஞாயிற்றுக்கிழமைத் தமிழ்ப் பள்ளிப் பிள்ளைகளை அழைத்துப் போங்கள். டப்பாவுக்குள் தட்டாம்பூச்சியின் குஞ்சு தாடையை நீட்டி இரை பிடிப்பதைப் பார்த்த பிள்ளை, அதற்கப்புறம் அந்த ஓடையில் குப்பை போடாது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை செய்து ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். ஓராண்டுப் பதிவு கையில் இருந்தால் பல்கலைக்கழகத்து ஆய்வாளர்கள் உங்களைத் தேடி வருவார்கள். நான் பார்த்தவரையில் அவர்களுக்குப் பெரிய குறையே, தொடர்ந்து ஒரே இடத்தைக் கவனிக்கும் ஆட்கள் கிடைக்காததுதான்.

இரண்டாவது வேலை மண். ஓடையிலிருந்து சற்றுத் தள்ளி, மண்டபம் வரப்போகும் இடத்தில் முழங்கால் ஆழத்துக்கு, ஒரு 50 சென்டிமீட்டர், குழி தோண்டுங்கள். மண் சாம்பல் நிறத்தில் இருந்து, அதில் துரு நிறத்தில் புள்ளி புள்ளியாகத் தெரிந்தால் அது சதுப்பு நிலம். மேலே காய்ந்து புல் முளைத்திருந்தாலும் ஆண்டில் பல வாரம் அங்கே தண்ணீர் நின்று வடிகிறது என்று அர்த்தம். இந்நாட்டில் சதுப்பு நிலத்தின் எல்லையைக் குறிக்க நிபுணர்கள் பார்ப்பதும் இதைத்தான். அப்படி இருந்தால் அந்த இடத்தில் கட்ட வேண்டாம். சட்டமும் குறுக்கே வரும், அதைவிட முக்கியமாகத் தரை இறங்கும், சுவர் வெடிக்கும். சதுப்பு நிலத்துக்கு 500 மீட்டருக்குள் கட்டுவதே நீர்த்துறையின் கட்டுப்பாட்டுக்குள் வரும் விஷயம். 1998ஆம் ஆண்டு தேசிய நீர்ச் சட்டம் நூறாண்டு வெள்ளக் கோடு என்று ஒன்றைச் சொல்கிறது, அதாவது சராசரியாக நூறாண்டுக்கு ஒருமுறை வரக்கூடிய வெள்ளம் எட்டும் எல்லை. உங்கள் மனையில் அந்தக் கோடு எங்கே போகிறது என்று மாநகராட்சியின் மழைநீர்ப் பிரிவில் கேளுங்கள். கூடவே உங்கள் நிலம் டிமாஸ் என்ற நகரத் திறந்தவெளி வலையமைப்புக்குள் விழுகிறதா என்பதையும் பாருங்கள். ஓடைகள், காடுகள், புல்வெளிகளை ஒன்றோடொன்று இணைத்து டர்பன் வரைந்து வைத்திருக்கும் வரைபடம் அது. அதற்குள் விழுந்தால் சுற்றுச்சூழல் திட்டப் பிரிவின் ஒப்புதல் இல்லாமல் கட்ட முடியாது. சிலர் இதைத் தொல்லையாக நினைத்து மறைக்கப் பார்க்கிறார்கள். நான் சொல்வேன், வரைபடம் போடும் முன்பே அந்த அதிகாரிகளைக் கோயிலுக்கு அழைத்து நிலத்தைக் காட்டுங்கள். அந்தப் பிரிவில் சூழலியல் படித்தவர்கள் இருக்கிறார்கள். 1994 முதல் அந்தப் பணியைக் கட்டியெழுப்பிய டெப்ரா ராபர்ட்ஸ்தான் பின்னர் ஐ.நா.வின் காலநிலை அறிவியல் குழுவில் இரண்டாம் பணிக்குழுவின் இணைத் தலைவர் ஆனார். 2011 முதல் மாநகராட்சியும் குவாசூலு-நடால் பல்கலைக்கழகமும் சேர்ந்து ஒரு கூட்டு ஆய்வுத் திட்டமே நடத்தி வருகின்றன. அங்கே கிடைக்கும் ஆலோசனையை வெளியில் பணம் கொடுத்து வாங்க முடியாது.

மூன்றாவது, செடியும் மரமும். இதில் நம் ஆட்கள் கவனமாக இருக்க வேண்டிய ஒன்று உண்டு. அம்மன் பூஜைக்கு வேப்பிலைக்குப் பதிலாக இங்கே பல குடும்பங்கள் பயன்படுத்தும் சிரிங்கா, அதாவது மலைவேம்பு, இந்நாட்டில் ஊடுருவும் மரங்களின் பட்டியலில் இருக்கிறது. ஊருக்குள் இருப்பதற்குக் கொஞ்சம் சலுகை உண்டு. ஆற்றங்கரையில் இருந்தால் சலுகை இல்லை, அகற்றியே ஆக வேண்டும். நம் முன்னோர் விரும்பி வளர்த்த நாவலும் இந்தக் குவாசூலு-நடால் மாகாணத்தில் அதே பட்டியலில்தான். மனசுக்குக் கஷ்டமாக இருக்கும், எனக்கும் அப்படித்தான் இருந்தது. ஆனால் நாவலின் நெருங்கிய உறவான உம்தோனி மரம் இந்த மண்ணுக்கே சொந்தம், ஈரமான ஓடைக்கரைதான் அதற்குப் பிடித்த இடம், பழமும் அதே ஊதா நிறம். கல்யாண முருங்கைக்கும் இங்கே ஒரு சகோதரி உண்டு, இலை உதிர்ந்த கிளைகளில் செக்கச்செவேல் என்று பூக்கும் அந்தப் பவள மரம்தான். இவற்றை நட்டால் கரையும் நிற்கும், பறவையும் வரும். கன்றுகளை எங்கே வாங்குவது என்று கேட்டால், வெருலம் பக்கத்தில் பஃபல்ஸ்டிராய் குப்பைக் கிடங்கைச் சுற்றி நடந்த காடு வளர்ப்பைப் பற்றி விசாரியுங்கள். 2010 உலகக் கோப்பைக் கால்பந்தின் கரிம வெளியேற்றத்தை ஈடு செய்ய 2008இல் தொடங்கியது. கரும்பு விளைந்த நிலத்தில் இன்று நாட்டு மரங்கள் காடாக நிற்கின்றன. சுற்றுவட்டார மக்கள் விதை பொறுக்கி வீட்டு வாசலில் கன்று வளர்த்து, அதைக் கொடுத்து உணவுப் பொருள், பள்ளிக் கட்டணம், சைக்கிள் என்று வாங்கிக்கொண்டார்கள். அந்த அனுபவம் உள்ளவர்கள் உங்களுக்கு வெகு தூரத்தில் இல்லை.

இப்போது கட்டடத்துக்கு வருவோம். தென்னாப்பிரிக்கப் பசுமைக் கட்டட மன்றம் 2007இல் தொடங்கியது. கிரீன் ஸ்டார் என்ற அதன் தரச்சான்று பெரிய அலுவலகங்களுக்கும் வணிக வளாகங்களுக்கும் பொருந்தும். ஒரு கோயில் மண்டபத்துக்கு அந்தச் சான்றுக்காகப் பணம் செலவழிக்க வேண்டாம் என்பதே என் கருத்து. எட்ஜ் என்ற இன்னொரு முறை இருக்கிறது. மின்சாரம், தண்ணீர், கட்டடப் பொருள் மூன்றிலும் வழக்கத்தைவிட 20 சதவீதம் மிச்சம் என்பதுதான் அதன் அளவுகோல். அதன் கணக்கீட்டு மென்பொருளை இணையத்தில் இலவசமாகப் பயன்படுத்தலாம். சான்று வாங்காவிட்டாலும் உங்கள் வரைபடத்தை அதில் போட்டுப் பாருங்கள், எந்தச் செலவு பயன் தரும், எது வெறும் பெயருக்கு என்பது தெரியும். மன்றத்தின் நல்ல வேலைகளில் ஒன்று 2011இல், டர்பன் காலநிலை மாநாட்டுச் சமயத்தில், கேட்டோ மேனரில் நடந்தது. ஒரே தெருவில் 30 ஏழை வீடுகளுக்குக் கூரைக்கு அடியில் சீலிங்கும் வெப்பக் காப்பும் போட்டு, சூரிய கீசர் பொருத்தினார்கள். இப்படிச் சின்ன வேலையால் எவ்வளவு மாற்றம் வருகிறது என்பதை அங்கே குடியிருப்பவர்களிடமே கேட்கலாம்.

தமிழ்நாட்டு மண்டப வரைபடத்தை அப்படியே இங்கே கொண்டுவராதீர்கள். டர்பன் தெற்கு அரைக்கோளத்தில் இருக்கிறது. இங்கே வெயில் வடக்கிலிருந்து வருகிறது. ஜூன் மாத நண்பகலில் சூரியன் வடக்கு வானில் 37 பாகை உயரத்தில்தான் நிற்கும், டிசம்பரில் கிட்டத்தட்ட உச்சிக்கே வந்துவிடும். அதனால் நீளமான சுவர்களை வடக்கும் தெற்கும் பார்க்க வைத்து, வடக்குப் பக்கம் ஒரு மீட்டருக்குக் குறையாமல் தாழ்வாரம் இறக்கினால் கோடை வெயில் உள்ளே வராது, குளிர்கால வெயில் வரும். மேற்குச் சுவரில் ஜன்னலே வேண்டாம், மாலை விருந்து நேரத்தில் அந்த வெயில்தான் ஆளை வாட்டும். காற்று பெரும்பாலும் வடகிழக்கிலிருந்தும் தென்மேற்கிலிருந்தும் அடிக்கும். எதிரெதிர்ச் சுவர்களில் திறப்பு வைத்து, மேலே சூடான காற்று வெளியேற வழியும் விட்டால், சீலிங் ஃபேன் போதும். ஏர்கண்டிஷன் தேவைப்படுவது ஆண்டில் சில நாள் மட்டும். கூரைக்கு எல்லாரும் ஐபிஆர் என்ற மடிப்பு வைத்த உலோகத் தகடுதான் போடுகிறோம். போடுங்கள், ஆனால் வெளிர் நிறத்தில், அடியில் நல்ல கனமான வெப்பக் காப்போடு. அன்னதானச் சமையலறையைத் தனிக் கூரையில் தள்ளி வையுங்கள். பெரிய அண்டாக்களின் ஆவி மண்டபத்துக்குள் வந்தால் மற்ற எல்லா ஏற்பாடும் வீண்.

சான்ஸ் 10400-எக்ஸ்ஏ என்ற தேசியத் தர விதி 2011 முதல் நடைமுறையில் இருக்கிறது, 2021இல் திருத்தப்பட்டது. சுடுநீரில் பாதியாவது சாதாரண மின்சுருள் கீசர் அல்லாத வழியில் சூடாக வேண்டும் என்கிறது அது. இதை உங்கள் கட்டடக் கலைஞர் பார்த்துக்கொள்வார்.

மழைநீரைப் பற்றி மட்டும் கொஞ்சம் நின்று யோசியுங்கள். 300 சதுர மீட்டர் கூரையில் ஒரு மில்லிமீட்டர் மழை விழுந்தால் 300 லிட்டர். 5,000 லிட்டர் பிளாஸ்டிக் தண்ணீர்த் தொட்டி, இங்கே ஜோஜோ என்பார்கள், ஒன்று 17 மில்லிமீட்டர் மழையிலேயே நிரம்பிவிடும். 2022 ஏப்ரல் போல 300 மில்லிமீட்டர் பெய்தால் கூரையிலிருந்து மட்டும் 90,000 லிட்டர் இறங்கும். அதோடு வண்டி நிறுத்த முற்றம் முழுக்கக் கான்கிரீட் போட்டுவிட்டால், அத்தனையும் ஒரே மூச்சில் ஓடையில் பாய்ந்து கீழே இருப்பவர் வீட்டுக்குள் போகும். அப்படி ஓர் இடத்தை நான் நேரில் பார்த்திருக்கிறேன். மேலே புது முற்றம் பளபளவென்று இருந்தது, கீழே ஒரு பாட்டி வீட்டின் பின்சுவரே இல்லை. ஆகவே முற்றத்தில் தண்ணீர் இறங்கும் கற்களைப் பதியுங்கள். நான்கைந்து ஜோஜோ தொட்டிகளை வரிசையாக இணையுங்கள். வழியும் நீரை நேரே ஓடையில் விடாமல், நாணலும் புல்லும் நட்ட ஒரு பள்ளத்தில் தேக்கி மெல்ல வடிய விடுங்கள். 2022 வெள்ளத்தில் டோங்காட் ஊரின் நீர்சுத்திகரிப்பு நிலையம் பழுதாகி அந்தப் பக்கம் மாதக்கணக்கில் குழாய்த் தண்ணீர் இல்லாமல் இருந்ததும் உங்களுக்குத் தெரியும். பாத்திரம் கழுவவும் கழிப்பறைக்கும் அந்தத் தொட்டிகள் அப்போது கைகொடுக்கும்.

ஓடையைச் சுத்தம் செய்ய மாநகராட்சியின் சிஹ்லான்சிம்வேலோ திட்டம் இருக்கிறது. ஊர்க்காரர்களின் கூட்டுறவுக் குழுக்களே நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் ஓடைகளைப் பராமரிக்கின்றன. உங்கள் ஓடை அதில் வருகிறதா என்று கேளுங்கள். வராவிட்டால் இனாண்டா, குவாமாஷு பக்கத்தில் வேலை செய்யும் குழுவோடு பேசுங்கள். இதில் ஒன்றை வெளிப்படையாகச் சொல்ல வேண்டும். 2021 ஜூலைக் கலவரத்துக்குப் பிறகு ஃபீனிக்ஸுக்கும் சுற்றியுள்ள சூலு மக்களின் ஊர்களுக்கும் நடுவே ஏற்பட்ட காயம் இன்னும் ஆறவில்லை. ஓடையோ இரண்டு பக்கத்து வாசல் வழியாகவும் ஓடுகிறது. கோயில் சங்கம் முதல் அடி எடுத்து வைத்து, தேவாலயக் குழுவையும் பள்ளிவாசல் குழுவையும் குடியிருப்பு மன்றங்களையும் ஒரே வெள்ள எச்சரிக்கைக் குழுவில் சேர்த்தால், குவாரி ரோட்டில் நடந்தது உங்கள் பக்கத்திலும் நடக்கும். புதிய மண்டபம் மேட்டில் அமைந்தால், வெள்ள நேரத்தில் யாராக இருந்தாலும் வந்து தங்கும் இடமாக அதை இப்போதே அறிவித்துவிடலாம். அதற்கேற்ப அகலமான கதவு, கூடுதல் கழிப்பறை, கூரையில் சோலார், இரவுக்கு பேட்டரி என்று வரைபடத்திலேயே சேர்த்துவிடுங்கள். பிறகு சேர்ப்பது இரட்டைச் செலவு.

எப்போது தொடங்குவது என்றால், மே முதல் ஆகஸ்ட் வரை இங்கே மழை குறைவு, ஓடையில் இறங்கிப் பார்க்கவும் குழி தோண்டவும் அதுதான் நேரம். முதல் மினிசாஸ் சோதனையையும் மண் குழியையும் அந்த மாதங்களில் முடித்து, கோடை மழை ஒன்றில் தண்ணீர் எதுவரை வருகிறது என்று முளையடித்துக் குறித்துக்கொண்டு, அதற்கப்புறம் கட்டடக் கலைஞரிடம் போங்கள். மனை வரைபடத்தோடு அந்த நோட்டையும் அவர் மேசையில் வையுங்கள்.